வசனமில்லாத உம்மா

நடிக்க வர முடியுமா என்று ஒரு திரைப்பட நெறியாளர் தொலைபேசியில் கேட்டபோது நான் பாடசாலை ஆசிரியர் அறையில் எட்டாம் வகுப்புக் கட்டுரைக் கொப்பிகளைத் திருத்திக்கொண்டிருந்தேன். எழுந்து வெளியே போய் மாமரத்தடியில் நின்று கதைத்தேன். அவர் ஒரு சிங்களப் பெண். சிலாபத்துக்குக் கிட்ட வளர்ந்தவராம், தமிழ் நன்றாகவே கதைத்தார். என்னுடைய கவிதை நிகழ்வு ஒன்றின் காணொளியை யாரோ அவருக்கு அனுப்பியிருந்தார்கள். மன்னாரிலிருந்து படகில் வந்த ஒரு குடும்பத்தைப் பற்றிப் படம் எடுக்கிறேன், அதில் தாயாக நீங்கள் நடிக்க வேண்டும் என்றார். யோசித்துச் சொல்கிறேன் என்று வைத்துவிட்டேன். உள்ளே வந்து மிச்சக் கொப்பிகளைத் திருத்தினேன். அடுத்த நாள் ஒரு மாணவி கொப்பியைக் கொண்டுவந்து, "டீச்சர், இதில பிழை ஒண்டும் இல்லையே, ஏன் கோடு போட்டீங்க?" என்று கேட்டாள். பார்த்தேன். சரியான சொற்களுக்குக் கீழேயெல்லாம் சிவப்புக் கோடு.

நான் புத்தளத்தில் தமிழ் படிப்பிக்கிறேன். அதோடு மேடையில் கவிதை சொல்கிறவள். கவியரங்கில் தாளைப் பார்த்து வாசிப்பது போன்றதல்ல அது. எழுதியதை மனனம் செய்து, ஒலிவாங்கிக்கு முன்னால் தனியாக நின்று, குரலையும் கைகளையும் மட்டும் நம்பி நிகழ்த்துவது. புத்தளத்தில் தொடங்கி, பிறகு கொழும்பு, மட்டக்களப்பு என்று பத்து வருடமாகப் போய்க்கொண்டிருந்தேன். என் முகத்தை யாரும் ஞாபகம் வைத்திருப்பதில்லை. பஸ்ஸில் யாரிடமாவது கதைத்தால், முன் இருக்கையிலிருந்து ஒருவர் திரும்பி, "நீங்கதானே அந்தப் படகுக் கவிதை?" என்பார்.

அந்தப் படகுக் கவிதைதான் எல்லா இடத்திலும் கேட்கப்பட்டது. தொண்ணூறில், போர்க்காலத்தில், மன்னார்த் தீவிலிருந்து முஸ்லிம்களை ஆயுதம் வைத்திருந்த இயக்கம் வெளியேறச் சொன்னபோது, உம்மா என்னைத் தூக்கிக்கொண்டு கற்பிட்டிக்குப் படகில் வந்த கதை. மெதுவாகத் தொடங்கி, நடுவில் குரலை உயர்த்தி, "என் உம்மா அழுத அழுகையில் கடல் ஒரு விரல் உயர்ந்தது" என்ற வரிக்கு வந்து நிறுத்துவேன். அந்த இடத்தில் மண்டபத்தில் யாராவது மூக்கை உறிஞ்சும் சத்தம் கட்டாயம் கேட்கும். அதற்காகவே நான் நிறுத்தினேன் என்பதையும் மறைக்க வேண்டியதில்லை. அந்தப் பயணத்தின்போது எனக்கு எட்டு மாதம். ஒன்றும் ஞாபகமில்லை. ஆனால் கவிதையில் "நான் கண்டேன்" என்றுதான் சொல்வேன்.

நெறியாளருக்கு ஓம் என்று சொல்ல எனக்கு ஒரு கிழமை பிடித்தது. என் கணவர் நுரைச்சோலைப் பக்கம் சின்ன வெங்காயம் பயிர் செய்கிறவர். சாப்பாட்டு மேசையில் விஷயத்தைச் சொன்னேன். வேண்டாம் என்று சொல்வார் என எதிர்பார்த்தேன். சொல்லியிருந்தால் நிம்மதியாக இருந்திருக்கும். அவரோ, "உம்மாட்டச் சொன்னியா?" என்று மட்டும் கேட்டார். இல்லை என்றேன்.

தலை மூடியிருக்க வேண்டும், எந்த ஆணும் தொட்டு நடிக்கும் காட்சி இருக்கக்கூடாது, படப்பிடிப்புக்குக் கணவர் கூட வருவார் என்று நெறியாளரிடம் சொன்னேன். எல்லாவற்றுக்கும் உடனே சம்மதித்தார். நான் மறைந்துகொள்வதற்கென்று தேடி வைத்த கதவுகள் ஒவ்வொன்றாகத் திறந்துகொண்டே போயின.

ஒத்திகைக்குக் கற்பிட்டியில் ஒரு வீட்டை வாடகைக்கு எடுத்திருந்தார்கள். படகில் தாய் தன் பிள்ளைக்குச் சொல்லும் ஒரு பக்க வசனத்தை எனக்கு அனுப்பியிருந்தார்கள். மனனம் செய்துகொண்டு போனேன். ஒரு கதிரையில் உட்கார வைத்து, துணியைச் சுருட்டிப் பிள்ளை மாதிரி மடியில் வைத்து, கமராவைப் பார்க்காமல் சொல்லச் சொன்னார்கள். நான் மேடையில் எப்படிச் சொல்வேனோ அப்படியே சொன்னேன். பக்கத்து அறையில் சமைத்துக்கொண்டிருந்த பெண் கரண்டியோடு எட்டிப் பார்த்தார். நன்றாகச் செய்துவிட்டேன் என்று நினைத்தேன்.

நெறியாளர் கமராவின் சின்னத் திரையை என் பக்கம் திருப்பினார். அதில் ஒரு பெண் வாயை அகலத் திறந்து, புருவத்தைத் தூக்கி, கையை விரித்து, யாருக்கோ எதையோ விற்றுக்கொண்டிருந்தாள். குரலை எடுத்துவிட்டு இன்னொரு முறை காட்டினார். சத்தமில்லாமல் பார்க்கும்போது அது இன்னும் மோசம். பத்து வருடமாக மண்டபங்களில் ஆட்கள் பார்த்தது இந்த முகத்தையா என்று நினைத்ததும் காது சுட்டது.

"நங்கி, உங்கட குரல் நல்லம்," என்றார், தங்கையைக் கூப்பிடும் சிங்களச் சொல்லால். "ஆனா உங்கட முகம் குரலுக்குப் பின்னால ஒளிஞ்சிருக்கு. நாங்க வசனத்தைக் கொஞ்சம் குறைப்போம்."

குறைத்தார். ஒரு பக்கம் பத்து வரியானது. அடுத்த ஒத்திகையில் நாலு வரி. அதற்கடுத்த கிழமை வந்த தாளில் என் பாத்திரத்துக்கு நேராக "தாய் இருக்கிறாள்" என்று மட்டும் இருந்தது. எங்கோ தவறிவிட்டதாக நினைத்து அழைத்துக் கேட்டேன். தவறவில்லை, முழுக் காட்சியிலும் நீங்கள் பேச மாட்டீர்கள் என்றார். கடல், படகு, என் முகம். மூன்று நிமிடம் வெட்டாமல் எடுக்கப் போகிறாராம்.

அதற்குப் பிறகு எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. பாணைத் தேத்தண்ணியில் நனைத்து ஒரு துண்டு தின்றால் அது நெஞ்சிலேயே நிற்கும். மேடையில் எனக்குப் பயம் வந்தால் முதல் வரியைச் சொல்வேன், பயம் போய்விடும். இங்கே சொல்வதற்கு முதல் வரியே கிடையாது. அலுமாரிக் கண்ணாடிக்கு முன்னால் தலையணையை மடியில் வைத்துக்கொண்டு மூன்று நிமிடம் உட்கார்ந்து பார்ப்பேன். முதல் நிமிடத்திலேயே கண்ணைக் கலங்க வைக்க முயன்றுகொண்டிருப்பேன். கலங்கினால் பொய்யாகத் தெரியும். கலங்காவிட்டால் வகுப்பில் பரீட்சை மேற்பார்வை செய்யும் முகம். ஒருநாள் கணவர் கதவடியில் நின்று பார்த்துவிட்டு, பல் வலியா என்று கேட்டார்.

வேறு பயங்களும் சேர்ந்துகொண்டன. அந்தக் காலத்துப் பெண்கள் அபாயா போடவில்லை, சாரி கட்டி முக்காடு போட்டார்கள். படத்திலும் அப்படித்தான். முக்காட்டில் முன் முடி கொஞ்சம் தெரியும். பாடசாலைப் பெற்றோர் என்ன சொல்வார்கள், அதிபர் கூப்பிட்டு விசாரிப்பாரா என்றெல்லாம் ஓடும். அதைவிடப் பெரிய பயம், மன்னாரிலிருந்து வந்தவர்கள் இருக்கும் எங்கள் குடியிருப்பில் இருந்தது. படகில் இருப்பதற்கு ஆட்கள் தேவை என்று, அதே பயணத்தில் உண்மையிலேயே வந்த பெண்கள் சிலரையும் அவர்கள் பிள்ளைகளையும் ஊர் ஆண்கள் சிலரையும் படக்குழு சேர்த்திருந்தது. அந்தப் பெண்களுக்கு நடுவில் உட்கார்ந்து நான் நடிக்க வேண்டும். எட்டு மாதக் குழந்தையாக வந்தவள்.

அவர்களில் ஒருவர் மூலமாகத்தான் உம்மாவுக்கு விஷயம் போனது. உம்மா எங்கள் வீட்டுக்கு அடுத்த ஒழுங்கையில் இருக்கிறார், தையல் செய்கிறவர். நான் போனபோது தலையணை உறைக்கு விளிம்பு மடித்துத் தைத்துக்கொண்டிருந்தார். மெஷினை நிறுத்தவில்லை.

"என்னையா நடிக்கப் போற?"

ஓம் என்றேன். கோபித்துக்கொள்வார் என்று நினைத்து, முக்காடு, நிபந்தனைகள், கணவர் கூட வருவது எல்லாவற்றையும் ஒரே மூச்சில் சொன்னேன். அதையெல்லாம் அவர் காதில் வாங்கியதாகத் தெரியவில்லை. ஓர் உறையை முடித்து நூலைப் பல்லால் கடித்து அறுத்தார்.

"நீ மேடையில சொல்றதை ஃபோன்ல கேட்டிரிக்கன். நல்லாத்தான் சொல்ற. ஆனா நான் அழல்ல மகள்."

பின்னே என்ன செய்தீர்கள் என்று கேட்டேன். அவர் எழுந்து போய் வாசல் கதவைச் சாத்திவிட்டு வந்து உட்கார்ந்தார். வீட்டில் எங்கள் இருவரையும் தவிர யாருமில்லை.

விடிய ஏறிய படகு. கரையில் நின்ற நேரமெல்லாம் அவசரம், ஒதுங்குவதற்கு இடமில்லை. ஏறிக் கொஞ்ச நேரத்தில் உம்மாவுக்குச் சிறுநீர் முட்டத் தொடங்கிவிட்டது. படகு முழுக்க ஆட்கள். முன்னால் மாமனார், பக்கவாட்டில் ஊர் ஆண்கள், பின்னால் பள்ளிவாசலில் பாங்கு சொல்லும் மோதினார். அப்போது உம்மாவுக்கு இருபத்தொரு வயது.

"ஊரையும் வூட்டையும் நினைக்க எங்க நேரம்? எனக்கு அதை அடக்குறதுதான் வேலை," என்றார். "உன்னை மடியில வச்சி இறுக்கிப் புடிச்சிக்கிட்டு இருந்தன். பாத்தவங்க புள்ளைப் பாசம்டு நினைச்சிருப்பாங்க."

மழை வந்தால் நல்லது என்று துஆக் கேட்டாராம். எல்லோரும் நனைந்தால் தெரியாது அல்லவா. அன்று பகல் முழுக்க மேகம் கறுத்துக் கிடந்ததே தவிர மழை விழவில்லை. கற்பிட்டிக் கரை கண்ணுக்குத் தெரிகிற நேரத்தில் முடியாமல் போய்விட்டது. பிள்ளை நனைத்துவிட்டாள் என்று உம்மா சத்தமாகச் சொன்னாராம். பக்கத்திலிருந்த பெண் தன் துவாயைக் கொடுத்து, பாவம் குழந்தை என்றாராம்.

"உன்ட தலையில போட்டுத்தான் தப்பினன்," என்றார் உம்மா.

எனக்குச் சிரிப்பு வந்தது. அவரும் சிரித்தார். பிறகு அவர் முகம் மாறியது. வாப்பாவுக்குக்கூட இதைச் சொன்னதில்லை என்றார். முப்பத்துச் சொச்சம் வருடமாக, அந்தப் பயணத்தைப் பற்றி யார் வாயைத் திறந்தாலும் அவருக்கு முதலில் வருவது அந்த வெட்கம்தானாம். மற்றவர்கள் விட்டுவந்த வீட்டையும் ஆட்டையும் மாட்டையும் சொல்லி அழும்போது, தனக்கு அழுகை வரவில்லையே, தான் என்ன மனுசி என்று யோசிப்பாராம். உம்மா என் நிகழ்வுகளுக்கு ஒருநாளும் வராததன் காரணம் அப்போதுதான் எனக்கு விளங்கியது. தொழுகை, தையல், முழங்கால் வலி என்று அவர் சொன்ன சாக்குகளை நான் அப்படியே நம்பியிருந்தேன்.

"இதைப் போய்ச் சொல்லிக்கில்லிப் போடாத," என்றார் கடைசியில். சொல்ல மாட்டேன் என்று வாக்குக் கொடுத்தேன்.

வீட்டுக்கு நடந்து வரும்போது எங்கள் ஒழுங்கையைத் தாண்டிப் போய்த் திரும்பி வந்தேன். நான் மேடைகளில் காட்டி அழவைத்ததெல்லாம் உம்மாவுக்கு நடக்காத ஒன்று. நடந்தது இப்போது என்னிடம் இருக்கிறது. அதைச் சொல்லக்கூடாது. ஆனால் செய்யலாமா? வாயைத் திறக்காமல் முகத்தில் கொண்டுவந்தால் அது சொன்னதாகுமா? இரண்டு நாள் இதே யோசனை. உம்மாவிடம் போய்க் கேட்கவும் துணிவில்லை, கேட்டால் வேண்டாம் என்று சொல்லிவிடுவாரோ என்று.

படப்பிடிப்புக்கு விடியற்காலையில் கற்பிட்டிக் களப்புக் கரைக்குப் போனோம். மீனவர்களிடம் பெரிய படகொன்றை எடுத்து, பழசாகத் தெரிவதற்குச் சாயம் பூசியிருந்தார்கள். எனக்கு ஊதாச் சாரி. சாரியைக் கட்டிவிட்ட பிறகு, யாரிடமும் சொல்லாமல் ஒரு மூலைக்குப் போய் இரண்டு போத்தல் தண்ணீரைக் குடித்தேன். கணவர் பார்த்துவிட்டார். தொண்டை காய்கிறது என்றேன்.

ஏழு மணிக்குத் தொடங்குவதாக இருந்தது. காற்று எழும்பிவிட்டது, கமரா வைத்த படகு ஓரிடத்தில் நிற்கவில்லை. கயிறு கட்டினார்கள், அவிழ்த்தார்கள். பிள்ளையாக நடிக்கும் குழந்தை அழுதது, தாயிடம் கொடுத்துப் பால் குடிக்க வைத்துத் திரும்ப வாங்கினோம். எட்டரை ஆனது. எனக்கு அடிவயிறு கல்லாகிவிட்டது. படகில் என் இரு பக்கமும் எங்கள் குடியிருப்புப் பெண்கள். எதிரில் ஊர் ஆண்கள், சிலர் என் மாணவர்களின் தகப்பன்மார். எழுந்து போகவேண்டும் என்று சொல்ல வாய் வரவில்லை. இறங்குவதென்றால் அவர்கள் எல்லோரையும் தாண்ட வேண்டும், நெறியாளர் ஏனென்று ஒலிபெருக்கியில் கேட்பார். நானாகப் போட்டுக்கொண்ட கட்டுத்தான். ஆனால் அந்த நேரத்தில் அது விளையாட்டாக இருக்கவில்லை. நான் உண்மையிலேயே பயந்துபோயிருந்தேன்.

தொடங்குங்கள் என்று குரல் வந்தது. நான் கமராவை நினைக்கவில்லை. முகத்தை எப்படி வைப்பது என்றும் நினைக்கவில்லை. படகு ஒவ்வொரு தடவை தூக்கிப் போடும்போதும் மூச்சைப் பிடித்தேன். குழந்தையை இறுக்கினேன். வானத்தில் மேகம் இருக்கிறதா என்று பார்த்தேன். உம்மா இருபத்தொரு வயதில் இப்படி ஒரு பகல் முழுக்க இருந்திருக்கிறாரே என்று ஒருமுறை நினைத்தேன். அது வந்த வேகத்தில் போய்விட்டது. மறுபடியும் அடுத்த அலை.

போதும் என்ற சத்தம் கேட்டதும் குழந்தையைப் பக்கத்துப் பெண்ணிடம் கொடுத்துவிட்டு, இடுப்பளவு தண்ணீரில் இறங்கி நடந்தேன். கணவர் கரையிலிருந்து ஓடி வந்தார். ஒன்றுமில்லை, கரையோர வீட்டுக்காரரிடம் கேட்டு இடம் காட்டுங்கள் என்றேன். அவருக்கு விளங்கியதும் சிரிப்பை அடக்கிக்கொண்டு முன்னால் நடந்தார்.

திரும்பி வந்தபோது நெறியாளர் திரைக்கு முன்னால் உட்கார்ந்திருந்தார். கண் சிவந்திருந்தது. வாங்க பாருங்க என்றார். அங்கே ஒரு பெண் இருந்தாள். எதையோ காப்பாற்றிக்கொண்டிருக்கிறாள், அது என்னவென்று தெரியவில்லை, ஆனால் அதை விட்டால் எல்லாம் போய்விடும் என்பது தெரிந்தது. நான் அவளை அதற்கு முன் பார்த்ததில்லை.

"என்ன நினைச்சீங்க நங்கி?" என்று கேட்டார்.

"உம்மாவை," என்றேன். பொய்யில்லை.

பிறகு படம் முடிந்து வர ஒரு வருடத்துக்கு மேல் ஆனது. அந்தக் காலம் முழுக்க எனக்கு ஒரே பயம், உம்மா பார்த்தால் கண்டுபிடித்துவிடுவார் என்று. இரண்டாவது பயம், நெறியாளர் அந்தக் காட்சியை வெட்டிவிடுவார் என்று. இரண்டில் எது நடக்க வேண்டுமென்று ஆசைப்பட்டேன் என்று கேட்டால், நாளுக்கொரு பதில் சொல்லியிருப்பேன்.

கொழும்பில் முதல் காட்சிக்குக் கணவரோடு போனேன். முழங்கால் வலி என்று உம்மா வரவில்லை. அந்த மூன்று நிமிடம் திரையில் ஓடும்போது நான் படத்தைப் பார்க்கவில்லை, பக்கத்து வரிசையில் இருந்தவர்களைப் பார்த்தேன். யாரும் மூக்கை உறிஞ்சவில்லை. அசையாமல் இருந்தார்கள். எனக்குப் பழகிய சத்தம் கேட்காததால் தோற்றுவிட்டேன் என்று நினைத்தேன். வெளியே வந்ததும் ஒரு முதிய பெண், என்னைத் தெரியாதவர், என் கையை இரண்டு கைகளாலும் பிடித்து அழுத்திவிட்டுப் போனார். பாடசாலையில் அதிபர் கூப்பிடவில்லை. இரண்டு பெற்றோர் முக்காட்டைப் பற்றிக் கதைத்ததாகக் கேள்விப்பட்டேன். என்னிடம் நேரே யாரும் கேட்கவில்லை.

நெறியாளர் அனுப்பிய பிரதியை மடிக்கணினியில் உம்மாவுக்குப் போட்டுக் காட்டினேன். ஒரு வெள்ளிக்கிழமை, அஸர் தொழுகைக்குப் பிறகு. படகுக் காட்சி வந்ததும் உம்மா முன்னால் சாய்ந்தார். நான் அவர் முகத்தைப் பார்க்கத் துணியாமல் அவர் கையைப் பார்த்தேன். தையல் மெஷினில் தேய்ந்த அந்த விரல்கள் மடியில் இருந்த துணியை மெதுவாக இறுக்கின.

காட்சி முடிந்ததும் நிறுத்தச் சொன்னார்.

"அவங்களுக்குச் சொன்னியா?"

"இல்ல உம்மா. ஆருக்கும் சொல்லல்ல."

"பாக்கிற சனத்துக்கு விளங்குமா?"

"விளங்காது."

உம்மா முந்தானையால் வாயை மூடிக்கொண்டார். சிரிக்கிறாரா அழுகிறாரா என்று தெரியவில்லை. தோள் குலுங்கியது. பிறகு முகத்தைத் துடைத்துக்கொண்டு, "எனக்கு விளங்கிச்சி," என்றார். இன்னொரு தடவை போடச் சொன்னார்.

மேடையை நான் விட்டுவிடவில்லை. ஆனால் படகுக் கவிதையைச் சொல்வதில்லை. ஏற்பாட்டாளர்கள் கேட்பார்கள், மறந்துவிட்டது என்பேன். ஒரு கூட்டத்தில் முன் வரிசையிலிருந்த ஒருவர் அந்தக் கடல் வரியை எடுத்துக் கொடுத்தார். அதற்கு அடுத்த வரி உண்மையிலேயே எனக்கு வரவில்லை. சபைக்கு முன்னால் வியர்த்துப்போய் நின்றேன். வேறொன்றைச் சொல்லிச் சமாளித்துவிட்டு வந்தேன்.

இப்போது இன்னொரு படத்துக்கு ஒப்புக்கொண்டிருக்கிறேன். தலவிலத் தேவாலயத்துக்கு நேர்த்தி வைக்க வரும் ஒரு சிங்களத் தாயின் அயலவள் பாத்திரம். இந்த முறை வசனம் இருக்கிறது, பாதி சிங்களத்தில். அடுத்த கிழமை ஒத்திகை. மறுபடியும் சாப்பாடு இறங்கவில்லை. என்னிடம் இருந்த ஒரே உண்மையை முதல் படத்திலேயே செலவழித்துவிட்டேனோ என்று யோசிக்கிறேன். எனக்கு நடிக்கத் தெரியுமா, அல்லது அன்று அடக்கிக்கொண்டிருந்தது மட்டும்தான் படமாகியதா? இதற்குப் பதில் தெரியாமல்தான் போகப்போகிறேன்.

இதை எழுதலாமா என்று உம்மாவிடம் போன கிழமை கேட்டேன். ஊசிக்கு நூல் கோக்கக் கண் பிடிக்கவில்லை என்று என்னிடம் தந்திருந்தார். நான் கோத்துக் கொடுத்ததும் வாங்கி நூல் நுனியில் முடிச்சுப் போட்டார். பிறகு, தன் வயதில் இனி இதில் என்ன வெட்கம் என்றார். அன்று துவாய் தந்த பெண்ணும் மௌத்தாகி, அடக்கம் செய்து பல வருடம் என்றார்.

"எழுது," என்றார். "பேரைப் போடாத."